கடன் நோட்டு போன நாள்

மோல்மீன்வாசி:
1958 அக்டோபரில் பர்மாவின் இராணுவத் தளபதி நே வின் முதன்முறை பொறுப்பேற்று நடத்திய பதினெட்டு மாத ஆட்சியை என் தந்தையார் கடைசிவரை மெச்சிக்கொண்டே இருந்தார். இரங்கூன் தெருக்கள் சுத்தமானதும் விலைவாசி அடங்கியதும்தான் அவர் கண்ட இராணுவம். ஆனால் 1960 தேர்தலில் அவர் வாக்கு, நே வினுக்கு முன் பிரதமராயிருந்த ஊ நுவின் கட்சிக்கே போயிற்று. இரண்டும் ஒன்றுக்கொன்று முரண் என்று அவருக்குத் தோன்றியதே இல்லை.

மளிகைக்கடைப் பேரன்:
1962இல் மீண்டும் ஆட்சியைப் பிடித்த நே வின், சோஷலிசம் என்று சொல்லி 1964 மார்ச்சில் இரங்கூன் கடைகளை அரசுடைமையாக்கியபோது என் தாத்தாவின் கடையும் போயிற்று. வந்தவர்கள் நல்லெண்ணெய் டின்களை எண்ணி எழுதிக்கொண்டு, சாவிக்கொத்தை வாங்கிக் கதவுக்குச் சீல் வைத்தார்கள். கல்லாவுக்கு அடியிலிருந்த கடன் நோட்டும் உள்ளேயே தங்கிவிட்டது.

2012இல் காளி கோயிலுக்கு அருகே ஒரு டீக்கடையில், அந்நாளில் துறைமுகத்தில் மூட்டை சுமந்த பெரியவர் ஒருவரைச் சந்தித்தேன். நான் இன்னாருடைய பேரன் என்றதும் சிரித்தார்.

"தம்பி, உங்க தாத்தா நோட்டுல என் பேருல நாப்பத்தேழு கியாட் நின்னுச்சு. பத்துப் பேருக்கு முன்னால வச்சுக் கேப்பாரு. சீல் வச்ச அன்னிக்கு எங்களுக்கு வயிறு குளிர்ந்துச்சு."

சோஷலிசம் என்பது அவருக்கு அந்தச் சீல்தான். அதே ஆண்டு மே மாதம் 50, 100 கியாட் நோட்டுகள் செல்லாது என்று அறிவிக்கப்பட்டபோதும், நூறு கியாட் நோட்டைக் கையால் தொட்டறியாத அவர், அதைப் பெரிய மனிதர்களுக்கு விழுந்த அடியென்றே எடுத்துக்கொண்டிருக்கிறார். பிழைப்பற்று இந்தியாவுக்குக் கப்பலேறிய கூட்டத்தில் தம் சொந்தத் தங்கையும் இருந்ததை அவர் வேறொரு கதையாகத்தான் சொன்னார்.

பிறகு அடி அவர் வீட்டிலும் விழுந்தது. மகள் கல்யாணத்துக்கென்று அரிசிப்பானைக்குள் 75 கியாட் நோட்டுகளாகச் சேர்த்து வைத்திருந்தாராம். 1987 செப்டம்பரில் 25, 35, 75 ஆகிய மூன்று நோட்டுகளும் ஈடு எதுவுமின்றிச் செல்லாமல் போயின. அதற்கு மட்டும் நே வின் காரணமில்லையாம்.

"மேல இருக்குறவருக்கு என்ன தெரியும்? சுத்தி இருந்தவங்க ஏமாத்திட்டாங்க."

(அவற்றுக்குப் பதிலாக ஒன்பதால் வகுபடும் 45, 90 கியாட் நோட்டுகளை அச்சிட்டது யாருடைய சோதிட நம்பிக்கையால் என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை.)

டீக்குப் பணம் எடுத்தேன். என் கையைப் பிடித்துத் தடுத்துவிட்டார்.

"அந்த நாப்பத்தேழுல கழிச்சுக்குங்க, தம்பி."