ஒரே திங்கட்கிழமை திரும்பத் திரும்ப விடிகிறதா? கண்டுபிடிக்க ஒரு சடங்கு வேண்டும்

முத்தையன்கட்டுப் பிள்ளை:

ஒட்டுசுட்டான் பக்கம் சின்னக் கொப்பிக்கடை வைத்திருக்கிறேன். மத்தியானத்துக்குப் பிறகு இலையான் கலைக்கிற வேலைதான். அந்த நேரத்தில் கதை எழுதுவேன். இப்போது எழுதுகிற கதை நடப்பது ஒரு கற்பனை ஊரில். முத்தையன்கட்டுக் குளத்து வாய்க்கால் கடைசியாகப் போய்ச் சேருகிற இடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். அங்கே வைகாசி மாதத்துத் திங்கட்கிழமை ஒன்று விடிகிறது, பொழுதுபடுகிறது, பிறகு அதே திங்கள் மறுபடி விடிகிறது. முதல்நாள் நடந்தது ஒருவருக்கும் ஞாபகத்தில் நிற்காது. உடைந்த சட்டி காலையில் முழுதாக இருக்கும். அறுத்த கோழி கூவும்.

அம்மம்மாவுக்கு மட்டும் ஒரு சந்தேகம். "இந்தக் கறிய நான் எத்தினை தரம் கூட்டினனான்?" என்று அடுப்படியில் நின்று யோசிக்கிறா. ஏன் அவவுக்கு மட்டும் என்று கேட்காதீர்கள், அம்மம்மாக்கள் அப்படித்தான்.

அவ செய்து பார்க்கிற சடங்கில்தான் நான் இறுகிப்போய் நிற்கிறேன். முதலில் பூக்கட்டிப் பார்க்க வைத்தேன். வெள்ளைப் பூ ஒரு பொட்டலம், சிவப்புப் பூ ஒரு பொட்டலம். ஒரே நாள் என்றால் அதே கை அதே பொட்டலத்தைத்தானே எடுக்கும்? எடுத்ததை எதோடு ஒப்பிடுவது, நேற்றே இல்லாதபோது? நூலில் முடிச்சுப் போட வைத்தேன், இரவோடு அவிழ்ந்துவிடும். பாலை மரத்தில் வெட்டுப் போட்டால் பட்டை கூடிவிடும்.

கடைசியில் உப்பு வந்தது. வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் பொங்கலுக்கு முல்லைத்தீவுக் கடலில் தீர்த்தம் எடுத்து, முள்ளியவளை காட்டா விநாயகர் கோயிலில் அந்தக் கடல்நீரில் விளக்கெரிப்பதைச் சின்ன வயதில் இருந்தே பார்த்து வளர்ந்தவள் நான். அதனால் கடல்நீரை வைத்தே யோசித்தேன். அம்மம்மா அரைப் பேணி கடல்நீரைப் பித்தளைத் தட்டத்தில் ஊற்றி முற்றத்தில் வைக்கிறா. பின்நேரத்துக்குள் காய்ந்து உப்புப் பூக்கும். இரவில் எல்லாம் பழைய இடத்துக்குத் திரும்பும், உப்பு மட்டும் திரும்பாது. அது அம்மனுடைய பொருள், காலத்துக்கு அதில் உரித்தில்லை.

இது பொருந்துகிறதா? அல்லது வழி தெரியாமல் அம்மன் தலையில் போடுகிறேனா?

வவுனியா வாத்தி:

பொருந்துகிறது தங்கச்சி. நான் விஞ்ஞானம் படிப்பிக்கிறவன், மந்திரத்துக்குப் பொறுப்பில்லை, கணக்குக்குப் பொறுப்பு. ஒரு லீற்றர் கடல்நீரில் ஏறக்குறைய 35 கிராம் உப்பு. அரைப் பேணியை 200 மில்லி லீற்றர் என்று பிடித்தால் 7 கிராம், ஒரு தேக்கரண்டிக்குக் கொஞ்சம் கூட. தட்டத்தில் 70 கிராம் கிடந்தால் பத்துத் திங்கட்கிழமை போய்விட்டது. அவவுக்கு ஒன்றும் ஞாபகம் இருக்கத் தேவையில்லை. ஒரு தட்டத்துத் தண்ணீர் அவ்வளவு உப்பு தராது என்று தெரிந்தால் போதும். பூவும் நூலும் சரிவராததற்குக் காரணம் அவற்றை நேற்றோடு ஒப்பிட வேண்டியிருப்பது. உப்பை அதன் அளவோடே ஒப்பிடலாம்.

ஆனால் நந்திக்கடல் தண்ணீரை எடுக்க விடாதீர்கள். அது களப்பு. மாரியில் ஆற்றுவெள்ளம் வந்து உப்புக் குறையும், கோடையில் ஏறும். அளவு பிழைத்தால் சடங்கும் பிழைக்கும். நேரே பெருங்கடலில் அள்ளச் சொல்லுங்கள்.

ஏ9 பழைய பயணி:

எங்களுக்கு இதெல்லாம் புதிதா? 1996இல் கொழும்பில் மணிக்கூட்டை முன்னுக்குத் தள்ளினார்கள், முதலில் ஒரு மணித்தியாலம், அதே வருடம் ஒக்டோபரில் அரை மணித்தியாலத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள். வன்னிக்குள் விடுதலைப் புலிகள் இயக்கத்தின் கட்டுப்பாட்டில் இருந்த இடங்களில் பழைய நேரமே ஓடியது. 2002இல் ஏ9 பாதை திறந்த பிறகு ஓமந்தைச் சோதனைச்சாவடியில் எட்டு மணிக்கு வரிசையில் நின்று உள்ளே போனால் அங்கே ஏழரை. வாழ்ந்து முடித்த அரை மணித்தியாலத்தை இன்னொருதரம் வாழ்ந்திருக்கிறோம், இரண்டாவது தரமும் வரிசையில்தான். 2006 ஏப்ரலில் கொழும்பு பழைய நேரத்துக்கு வந்தபிறகுதான் இரண்டு மணிக்கூடும் ஒன்றாயின.

அதனால் என் யோசனை: மணிக்கூடு கட்டிய ஒருவரை வெளியில் இருந்து ஊருக்குள் வர வையுங்கள். உள்நேரமும் வெளிநேரமும் ஒத்துவராதபோது பிடிபட்டுவிடும்.

வவுனியா வாத்தி:

அண்ணா, அதில் ஒரு கரைச்சல். காலையில் ஊரைவிட்டு வெளிக்கிட்ட பஸ் வெளியே போய்விட்டது. அடுத்த திங்கள் விடியும்போது அதே பஸ், அதே டிரைவர் மறுபடி வெளிக்கிடுவார். புளியங்குளம் சந்தியில் இரண்டு பேரும் சந்தித்தால் யார் வீட்டுக்குப் போவது? ஊருக்கு வேலி போட்டுவிடுவது நல்லது.

கிணற்றடி அன்ரி:

பிள்ளை, மூன்று பேரும் ஆம்பிளைக் கணக்குப் பார்க்கிறீர்கள், நீயும் சேர்த்துத்தான். தட்டம் விடியக் காலையில் எங்கே இருக்கும்? குசினித் தட்டில். எடுத்துப் பார்த்தால் உப்புப் படிந்திருக்கும். என் அம்மா என்றால் "ஆரடி இத கழுவாம வச்சது?" என்று ஒரு பேச்சுப் பேசி, கிணற்றடிக்குக் கொண்டுபோய்ச் சாம்பல் போட்டு மினுக்கிவிட்டுத்தான் மற்ற வேலை. உன்னுடைய சாட்சி முழுக்கக் கழுவுப்பட்டுப் போய்விடும். ஒவ்வொரு திங்களும் கழுவுப்படும்.

இன்னொன்று. வைகாசி வேண்டாம். நந்திக்கடல் பக்கம், வைகாசி மாதம், திரும்பத் திரும்ப ஒரே திங்கள் என்று எழுதினால் எங்கள் சனம் வாசிக்கப் போவது வேறு. போர் முடிந்த 2009 மே 18உம் திங்கட்கிழமைதான். அதைத்தான் எழுதப் போகிறாய் என்றால் இருந்து எழுது, நானும் வாசிப்பேன். தற்செயலாக விழுந்ததென்றால் மாற்று. அம்மனையும் விட்டுவிடு. கடல்நீர் விளக்கு நேர்த்தி, சோதனை இல்லை. உன் ஊருக்கு நீயே ஒரு மரத்தடிக் கல்லை வைத்துக்கொள்.

வவுனியா வாத்தி:

அன்ரி சொன்னதைக் கேட்டுக் கொஞ்ச நேரம் சும்மா இருந்தேன். கழுவினால் உப்பு எங்கே போகும்? கிணற்றடி மண்ணுக்குள். அங்கிருந்து கிணற்றுக்குள். கதையில் உப்புத்தான் திரும்பாதே. கிணற்றில் 5000 லீற்றர் என்று வைப்போம். லீற்றருக்கு ஒரு கிராம் சேர்ந்தால் நாக்குக்குத் தெரியும். ஐயாயிரத்தை ஏழால் பிரித்தால் 714. இரண்டு வருடத்துக்குக் கொஞ்சம் குறைவு. அவ்வளவு திங்கள் அம்மம்மா தட்டம் கழுவியிருக்கிறா.

முத்தையன்கட்டுப் பிள்ளை:

அன்ரி, வைகாசி தற்செயலாக விழவில்லை என்றுதான் நினைக்கிறேன். எழுதும்போது எனக்குத் தெரியவில்லை, நீங்கள் சொன்னபிறகு தெரிகிறது. அதை எழுதுகிற பலம் இப்போது இல்லை. ஆடிக்கு மாற்றிவிட்டேன். ஆடிச் சோளகத்துக்குத் தட்டத்துத் தண்ணீர் இன்னும் கெதியாகக் காயும், அது ஒரு வசதி. அம்மனையும் எடுத்துவிட்டேன். மரத்தடிக் கல்லுக்கு இன்னும் பெயர் வைக்கவில்லை.

வாத்தி அண்ணா, 714ஐ அப்படியே எடுத்துக்கொள்கிறேன். ஆனால் கதையில் எண் வராது. தட்டத்தைப் பார்த்துக் கண்டுபிடிக்கிற காட்சியையும் வெட்டிவிட்டேன். அம்மம்மா தட்டத்தைக் கழுவி, தண்ணீர் அள்ளி, கேத்திலை அடுப்பில் வைக்கிறா. அம்மப்பா விறாந்தையில் இருந்து ஒரு வாய் குடித்துவிட்டு, "என்னப்பா, சீனிப் போத்தல மாறி எடுத்தனியே?" என்று கேட்கிறார்.