கிணற்றுக்குள் எடை எவ்வளவு குறையும்? கணக்குப் போட உதவுங்க

வணக்கங்க. நாங்கள் சேர்ந்து எழுதும் அறிவியல் புனைகதை உலகம் நம்ம கொங்குச் சீமை மாதிரியே பாறைக்காடு. அங்கே நியூட்டன் ஈர்ப்போடு ‘கல்லிழுப்பு’ என்று கூடுதலாக ஒரு விசை உண்டு. அதன் வலிமை நியூட்டன் ஈர்ப்பைப்போல் 8,800 மடங்கு. ஆனால் 10 மீட்டருக்கு மேல் வேகமாகத் தேய்ந்துவிடும். அதனால் நிலவின் பாதை மாறாது.

பாறை அடர்த்தி கன மீட்டருக்கு 2,700 கிலோ என்று வைத்தால், தரைமட்டத்தில் 10 கிலோ கல் சுமார் 100 கிராம் கூடுதலாக இழுக்கும். குறுகலான போர்வெல் குழிக்குள் இறக்கினால் மேலே உள்ள பாறை மேல்நோக்கி இழுப்பதால் அந்தக் கூடுதல் குறையும்: 10 மீட்டரில் 37 கிராம், 30 மீட்டரில் 5 கிராம். ஸ்பிரிங் தராசில்தான் தெரியும். தட்டுத் தராசில் இரு பக்கமும் சமமாகக் குறைவதால் முள் அசையாது. மலையடிவாரச் செங்குத்துப் பாறையை ஒட்டிச் சுவர் வைத்தால் தூக்குக்குண்டே பாறைப் பக்கம் சாயும், 10 அடிக்கு 15 மில்லிமீட்டர். ரசமட்டமும் கூடவே சாய்வதால் கொத்தனாருக்குப் பிடிபடாது. இந்த இடம் எங்களுக்கு ரொம்பப் பிடித்தது.

சிக்கல் திறந்த கிணற்றில். 12 மீட்டர் சதுரம், 30 மீட்டர் ஆழம். நடுவில் பாறையே இல்லாததால் மேல்நோக்கிய இழுப்பு குறைவு. அடித்தளத்தை நெருங்கும்போது எடை திரும்ப ஏறவேண்டும். எந்த ஆழத்தில் மிகக் குறைவு?

பாறையை 1 மீட்டர் கனசதுரங்களாக வெட்டிக் கூட்டினோம். சுவரோரம் விடை தாறுமாறாகிறது. பைத்தான் தெரிந்தவர்கள் 3 மீட்டருக்கு ஒரு மதிப்பு எடுத்துக் கொடுத்தால் போதுங்க. கிணற்றின் நடுக்கோட்டுக்கு மட்டும்.