நாகம்மையார் தானாக என்ன செய்தார்?

மஞ்சள்மண்டி:
என் மகளுக்குப் பள்ளியில் பெரியாரின் மனைவி நாகம்மையார் பற்றி இரண்டு நிமிடம் பேசச் சொல்லியிருக்கிறார்கள். "பெரியாருக்குத் தோள் கொடுத்து நின்றவர்" என்று தொடங்கி எழுதிக் கொடுத்தேன். படித்துவிட்டு, "அதெல்லாம் சரிப்பா, அவங்க தானா என்ன செஞ்சாங்க?" என்று கேட்டுவிட்டாள். எனக்குத் தெரிந்தது, 1885-இல் பிறந்தார், 13 வயதில் கல்யாணம், கள்ளுக்கடை மறியல், வைக்கம் கோயில் தெரு நுழைவுப் போராட்டம், 1933 மே 11-இல் மறைவு. இதில் கணவர் சொல்லிச் செய்தது எது, தானாகச் செய்தது எது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

தறிக்குழி:
யாரும் கோபித்துக்கொள்ள வேண்டாம். கணவர் போன பாதையில் போனவர், அவ்வளவுதான். அவர் காங்கிரஸில் இருந்தபோது இவர் கதர் கட்டினார், மறியலுக்குப் போனார். அவர் வெளியே வந்து சுயமரியாதை பேசியதும் இவரும் வந்தார். வேறு பக்கமாக ஓர் அடி எடுத்து வைத்தாரா, காட்டுங்கள். கோயிலுக்குப் போவதைக்கூட அவராக விடவில்லை. பெரியார் தன் கூட்டாளிகளைக் கோயிலுக்கு அனுப்பி, ஊருக்குப் புதிதாக வந்த தாசி என்று கேலி பேசவைத்தார். அந்த அம்மா பயந்துபோய் நிறுத்திக்கொண்டார். எதிரிகள் கட்டிய கதை இல்லை இது, பெரியார் வரலாற்றை எழுதிய அவருடைய ஆட்களே ரசித்து எழுதியிருப்பது. ஒரு பெண்ணின் நம்பிக்கையை இப்படித்தான் மாற்றுவதா?

பவானிக்கரை:
கோயில் விஷயத்தில் உங்களோடு சண்டைக்கு வர மாட்டேன். எனக்கும் அது பிடிக்காத கதைதான். ஆனால் "ஓர் அடி காட்டுங்கள்" என்றீர்களே, அதற்குப் பதில் இருக்கிறது. 1921-இல் ஈரோட்டில் கள்ளுக்கடை மறியல். பெரியாரைப் பிடித்து உள்ளே போட்டுவிட்டார்கள். அப்போது மறியலை எடுத்து நடத்தியவர்கள் நாகம்மையாரும் பெரியாரின் தங்கை கண்ணம்மாளும். பக்கத்தில் நின்று சொல்லிக்கொடுக்க யார் இருந்தார்கள்? அந்த வீடு எப்படிப்பட்ட வீடு என்பதையும் பாருங்கள். பெரியாரின் அப்பா வெங்கட்ட நாயக்கர் ஈரோட்டில் பெரிய மண்டிக்காரர், பாகவதர்களுக்கு நாள்தோறும் சாப்பாடு போட்ட வைணவக் குடும்பம். அந்த வீட்டு மருமகள் கள்ளுக்கடை வாசலில் போய் நின்றால் ஊர் என்ன பேசியிருக்கும்? மறியலை நிறுத்துவது தன் கையில் இல்லை, ஈரோட்டில் இருக்கும் இரண்டு பெண்களைக் கேட்க வேண்டும் என்று காந்தி சொன்னதாக மேடைதோறும் சொல்வார்கள், கேட்டிருப்பீர்கள்.

தறிக்குழி:
கேட்டிருக்கிறேன், காது புளிக்கும் வரை. என் வழக்குக்கே அது சாட்சி ஐயா! நாகம்மையாருக்குப் பெருமை எங்கிருந்து வருகிறது? காந்தி வாயிலிருந்து, இல்லையென்றால் பெரியார் எழுதிய இரங்கலிலிருந்து. அவர் வாயிலிருந்து வந்த சொல் எங்கே?

பவானிக்கரை:
இருக்கிறது. 1924-இல் வைக்கத்துக்காகச் சிறையிருந்து திரும்பிய பெரியாரை ஈரோட்டில் மறுபடியும் கைது செய்தபோது நாகம்மையார் பெயரில் ஓர் அறிக்கை வந்தது. கணவர் மீண்டும் சிறைக்குப் போகிறார், இந்தப் பாக்கியம் திரும்பத் திரும்பக் கிடைக்கும்படி அவருக்கு நீண்ட ஆயுள் வேண்டும் என்று கடவுளையும் மகாத்மாவையும் வேண்டிக்கொள்கிறேன், அவர் விட்டுப்போன வைக்கம் வேலைக்கு நல்ல முடிவு வர எல்லாரும் உதவ வேண்டும் என்று போகும். கடவுளை என்பதைக் கவனியுங்கள். அதே ஆண்டு மே மாதம் அவரே வைக்கத்தில் பெண்களைத் திரட்டிக்கொண்டு நின்று கைதாகியிருந்தார். ஆக, சாமி கும்பிட்டுக்கொண்டே தீண்டாமைக்கு எதிராகத் தெருவில் நின்றவர். அதில் கணவரின் நகல் எங்கே தெரிகிறது?

தறிக்குழி:
அறிக்கையை எழுதியது யார் என்று கேட்டால் சண்டைக்கு வருவீர்கள். கேட்கவில்லை.

பவானிக்கரை:
கேட்டுவிட்டீர்களே! ஆண் தலைவர்களின் அறிக்கைகளையெல்லாம் யார் எழுதினார்கள் என்று யாராவது கேட்டதுண்டா?

கோபிச்செல்லி:
இரண்டு பேரும் தெருவிலேயே நிற்கிறீர்கள், அடுப்படிக்குக் கொஞ்சம் வாருங்கள். என் அம்மாயி வீட்டுக்கு நாலு பேர் சொல்லாமல் வந்துவிட்டால் அரிசி களையும்போதே முணுமுணுப்பு தொடங்கிவிடும். நாகம்மையார் வீட்டில் அது தினப்படி. இயக்கத்துக்காரர் யார் எந்த நேரத்தில் வந்தாலும் இலை போட வேண்டும். வருகிறவர் என்ன சாதி என்று பார்க்காமல் தன் வீட்டுக்குள் உட்கார வைத்துப் பரிமாறியது அந்தக் காலத்தில் சின்ன காரியமா? மாநாட்டுத் தீர்மானத்தில் சமபந்தி என்று ஒரு வரியில் எழுதிவிடலாம். பாத்திரம் கழுவியது யார்? அதைப் பொதுச்சேவை என்று எந்த நூலும் கணக்கில் வைப்பதில்லை, "விருந்தோம்பல்" என்று ஒரு சொல்லில் முடித்துவிடுவார்கள்.

அதே நேரம் பவானிக்கரை அண்ணா, பெரியாரை இதில் காப்பாற்ற முயலாதீர்கள், அவரே முயலவில்லை. மனைவி இறந்ததும் தன் குடிஅரசு வார இதழில் எழுதினாரே: பெண் விடுதலை பற்றி ஊருக்குச் சொன்னதில் நூற்றில் ஒரு பங்காவது நாகம்மாள் விஷயத்தில் நடந்துகொண்டதாகச் சொல்லத் தனக்கு யோக்கியதை இல்லை என்று. நாகம்மாளைத் தான் வாழ்க்கைத் துணையாகக் கொண்டிருந்தேனே தவிர, நாகம்மாளுக்குத் தான் துணையாக இருந்தேனா என்பது தனக்கே நினைவில் இல்லை என்றும் எழுதியிருக்கிறார். தறிக்குழி சொல்வதில் பாதியை அவரே ஒப்புக்கொண்டாயிற்று.

தறிக்குழி:
அப்பாடா. ஒருவராவது.

கோபிச்செல்லி:
பாதிதான் என்றேன். பெற்றவர்கள் வசதியுள்ள ஒரு வயதானவருக்குக் கட்டிவைக்கப் பார்த்தபோது, ராமசாமியைத் தவிர வேறு யாரையும் கட்ட மாட்டேன் என்று அடம்பிடித்த பெண் அவர். அதுவும் அந்த வரலாற்று நூல்களில்தான் இருக்கிறது. அந்தப் பக்கத்தைத் தாண்டிவிட்டு நேராகக் கோயில் கதைக்குப் போய்விட்டீர்களா?

பவானிக்கரை:
இன்னொன்று. குடிஅரசை வெளியிடுபவர் என்று நாகம்மாள் பெயர்தான் போடப்பட்டது.

தறிக்குழி:
பெயருக்குத்தானே? கணவர் கடைக்கு மனைவி பெயரில் உரிமம் எடுக்கிற மாதிரி.

பவானிக்கரை:
கடை உரிமத்துக்காக யாரும் ஜெயிலுக்குப் போவதில்லை சார். நாகம்மையாருக்குப் பிறகு அந்த இடத்துக்குக் கண்ணம்மாள் வந்தார். அதே 1933 அக்டோபரில் "இன்றைய ஆட்சி முறை ஏன் ஒழிய வேண்டும்" என்று ஒரு தலையங்கம் வந்தது. எழுதிய அண்ணனோடு வெளியிட்ட தங்கையும் சிறைக்குப் போனார். பெயர் போட்டவர் தலைமேல் கத்தி தொங்கியது. நாகம்மையார் இருந்த நாட்களில் அது விழவில்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

தறிக்குழி:
சரி, அதில் எனக்குப் பதில் இல்லை. ஆனால் மனைவி இறந்த மறுநாளே திருச்சிக்குப் போய், தடையுத்தரவை மீறிக் கல்யாணம் நடத்திக் கைதானாரே, அதை மட்டும் என்னால் விழுங்க முடியவில்லை. கொள்கைப் பிடிப்பு என்பீர்கள். எனக்குக் கல்நெஞ்சம் என்றுதான் படுகிறது.

கோபிச்செல்லி:
எனக்கும் சங்கடம்தான். ஆனால் வீட்டில் உட்கார முடியாமல் ஓடியவராகக்கூட இருக்கலாம். என் அப்பாவும் அம்மா காரியம் முடிவதற்குள் கடையைத் திறந்துவிட்டார், சொந்தக்காரர்கள் இன்றுவரை திட்டுகிறார்கள். கடைக்குள் அவர் என்ன செய்துகொண்டிருந்தார் என்று நான் மட்டும் பார்த்தேன்.

மஞ்சள்மண்டி:
எல்லாவற்றையும் மகளிடம் வாசித்துக் காட்டினேன். கள்ளுக்கடை வாசலிலிருந்து தொடங்குகிறாளாம், "தோளை" அடித்துவிட்டாள். அப்புறம் ஒரு கேள்வி வேறு: "ரெண்டு பொண்ணுங்கன்னு சொன்னாங்களே, அந்தக் கண்ணம்மா யாரு? அவங்களைப் பத்தி ஏன் யாரையும் பேசச் சொல்லல?"

தறிக்குழி:
பவானிக்கரை ஐயா, இதற்கு நீங்களே பதில் சொல்லுங்கள். நான் தறிக்குப் போகிறேன்.