நிழற்கடன்: உச்சிப்பொழுதில் கடன் தீர்ந்துவிடுமா?

கானல்நாட்டான் (இந்த இணைய விவாதத் திரியைத் தொடங்கியவர்)

நான் எழுதிவரும் கானல்நாடு என்னும் கற்பனை உலகத்தில் நிழல் என்பது ஒளியின் இன்மை அன்று, அது கடன். தரைக்குச் சேரவேண்டிய ஒளியை உடல் நடுவழியில் வாங்கித் தன்மேல் வைத்துக்கொள்கிறது. அப்படித் தராமல் நின்ற அளவு தரையில் எழுதப்படுகிறது. அந்த எழுத்துதான் நிழல். ஆகவே கானல்நாட்டார் மண்ணைக் கணக்குப் புத்தகம் என்றே அழைப்பார்கள். ஆண்டில் இரண்டு நாள் கதிரவன் நேர் தலைக்கு மேல் வரும் கணத்தில் நிழல் மறைகிறது, கடன் முழுதும் தீர்கிறது. அந்தக் கணத்தில் இறப்பவர் மட்டுமே முழுதாக இறக்கிறார். மற்றவர்களின் உடலை எரித்த பின்னும் நிழல் கரையிலேயே தங்கிவிடும்.

சித்திரை முதல் நாளை ஒட்டி ஒருமுறையும் ஆகஸ்ட் கடைசியில் ஒருமுறையும் இராமேசுவரத்தில் கம்பத்தின் நிழல் காணாமல் போவதைப் பார்த்தபோது இது தோன்றியது. அக்கினி தீர்த்தத்தில் வந்து செய்வதற்கு நீத்தார் கடன் என்றுதானே பெயர்? பணத்துக்கும் கடமைக்கும் ஒரே சொல்லை வைத்திருக்கும் மொழியில் இந்தக் கொள்கை தானாகவே பிறந்துவிடுகிறது. குறை இருந்தால் தயங்காமல் சொல்லுங்கள்.

மண்டபம் வாத்தியார்

தம்பி, கற்பனை உலகம் என்பதால் நம் உலகத்து இயற்பியலைக் கொண்டு உங்களை மடக்க மாட்டேன். ஆனால் நீங்களே வகுத்த விதி உங்கள் கதைக்குள் நிற்கவேண்டும் அல்லவா? உச்சியில் நிழல் மறைவதாகச் சொல்கிறீர்கள். அது மறையவில்லை, காலுக்கடியில் போயிருக்கிறது. ஏப்ரல் நடுவில், கடிகாரம் 12 மணி 10 நிமிடத்தைத் தாண்டியதும் (இராமேசுவரத்தின் உண்மையான உச்சிப்பொழுது 12 மணிக்கு வருவதில்லை, நம் கடிகாரம் அலகாபாத்தை ஒட்டிய தீர்க்கரேகையைப் பின்பற்றுகிறது) வெட்டவெளியில் நின்று ஒரு முழ உயரம் குதித்துப் பாருங்கள். உங்கள் நிழல் உங்களுக்கு நேர் கீழே கிடக்கும். கடன்காரன் பத்திரத்தைப் பாய்க்கடியில் வைத்து அதன்மேல் படுத்துக்கொண்டால் கடன் அடைந்துவிட்டது என்பீர்களா?

நம் ஊர் உடைமரத்தைப் பாருங்கள். குடையைப் போல விரிந்த அந்த மரத்துக்கு உச்சிவேளையில்தான் நிழல் அடியில் முழுமையாகச் சேருகிறது. ஆடுகள் எல்லாம் அந்நேரம் அங்கேதான் படுத்திருக்கும். உங்கள் கணக்குப்படி மரம் கடன் தீர்த்த கணத்தில் ஆடுகள் எதன்மேல் படுத்திருக்கின்றன?

கானல்நாட்டான்

வாத்தியார் ஐயா, ஆடுகளுக்கு என்னிடம் பதில் இல்லை. ஆனால் குதிப்பதை விடப்போவதில்லை. அதைக் கதைக்குள்ளேயே எடுத்துக்கொள்கிறேன். கானல்நாட்டில் ஒருவன் கடன் தீர்ந்தது என்று சொன்னால், நடுவர் அவனை உச்சிப்பொழுதில் குதிக்கச் சொல்வார்.

தொண்டி வாசகி

நிழல் பொருளா, பொருளின் இன்மையா என்ற வழக்கு மிகவும் பழையது என்பதை இருவரும் மறந்துவிட்டீர்கள். இருளுக்குக் கருநிறம் இருக்கிறது, அது நகர்கிறது, நிறமும் அசைவும் உடையது பொருளாகத்தான் இருக்கவேண்டும் என்று பழைய இந்தியத் தத்துவப் பிரிவுகளில் ஒன்றான பாட்ட மீமாம்சகர்கள் வாதிட்டார்கள். இன்னொரு பிரிவினரான வைசேடிகர்கள் அதை மறுத்தார்கள்: இருள் என்பது ஒளியின் இன்மையே, ஒளியை மறைக்கும் பொருள் நகரும்போது இருள் நகர்வதாக நமக்குத் தோன்றுகிறது, அவ்வளவுதான் என்றார்கள். வாத்தியார் ஐயா வைசேடிகர் பக்கம் நிற்கிறார் என்பது வெளிப்படை.

கானல்நாட்டுக் கொள்கையில் எனக்குப் பிடித்தது, அது இந்த இரண்டு பக்கமும் சேராமல் இருப்பதுதான். கடனைக் கையில் எடுத்துக் காட்ட முடியாது, ஆகவே அது பொருள் அன்று. அதற்காக இல்லை என்று சொல்லிவிட்டு நடமாடவும் முடியாது. அது இருவருக்கு இடையிலுள்ள உறவு. ஆனால் உறவென்றால் வாங்குகிறவருக்கு வாங்குகிறோம் என்ற அறிவு வேண்டாமா? கல்லுக்கும் நிழல் விழுகிறதே, கல் எந்தப் பத்திரத்தில் கைநாட்டு வைத்தது? (பனையை இப்போதைக்கு விட்டுவிடுகிறேன். ‘பனை நிழலும் நிழலோ’ என்று நம்மவர்கள் அதற்குக் கடன் தள்ளுபடியே செய்துவிட்டார்கள்.)

ஆண்கடல்

எங்கள் வீட்டில் மூன்று தலைமுறையாகச் சங்கு குளித்தவர்கள். தத்துவம் எனக்குத் தெரியாது, நீருக்குள் நிழலைப் பார்த்திருக்கிறேன். காலையில் கரையில் நிற்கும் ஆளின் நிழல் அவனைப்போல ஐந்து மடங்கு நீண்டு கிடக்கும் நேரத்திலும், கடலுக்கு அடியில் வள்ளத்தின் நிழல் அவ்வளவு தூரம் விலகிப் போகாது. ஒளி நீருக்குள் நுழையும்போது செங்குத்தை நோக்கி வளைவதால், சூரியன் எவ்வளவு தாழ இருந்தாலும், அமைதியான கடலில் 10 மீட்டர் ஆழத்துக்கு நிழல் சுமார் 11 மீட்டருக்கு மேல் விலகாது என்று என் மகன் கணக்குப் போட்டுக் காட்டினான். அப்படியானால் உங்கள் நாட்டில் கடலாடிகளின் கடனுக்கு மட்டும் உச்சவரம்பு உண்டா?

கானல்நாட்டான்

அண்ணன், இதை நான் யோசித்ததே இல்லை. கரையில் கடன் எவ்வளவு வேண்டுமானாலும் நீளும், கடலடியில் நீளாது என்றால், கடன் தாங்காதவர்கள் ஏன் கடலுக்குப் போகிறார்கள் என்பதற்கு என் கதையில் முதன்முறையாகக் காரணம் கிடைத்திருக்கிறது.

அக்கா கேட்ட கல்லுக்கு வருகிறேன். அறியாமல் பட்ட கடனும் கடன்தான் என்பது கானல்நாட்டுச் சட்டம். தந்தை பட்ட கடன் பிள்ளைமேல் வரும்போது பிள்ளை எங்கே கையெழுத்துப் போட்டான்?

மண்டபம் வாத்தியார்

சரி, கல்லை விட்டுவிடுகிறேன். இதற்குப் பதில் சொல்லுங்கள். காலை வெயிலில் இருவர் ஒருவர்பின் ஒருவராக நிற்கிறார்கள், நிழல்கள் ஒன்றன்மேல் ஒன்று விழுகின்றன. விழுந்த இடம் இருமடங்கு கறுப்பதில்லை. இரண்டு கடன் சேர்ந்தால் இரண்டு கடனாக வேண்டாமா?

கானல்நாட்டான்

ஐயா, இந்தக் கேள்வி என் பக்கமே சாய்கிறது. பின்னால் நிற்பவரை முன்னால் நிற்பவர் மறைக்கும் அளவுக்கு அவர்மேல் வெயிலே படவில்லை. வாங்காதவர் எதைத் திருப்பித் தருவார்? அந்த இடத்துக்கான கடன் முன்னவர் ஒருவருடையதே. அதனால்தான் அது ஒருமடங்கு கறுப்பாக மட்டும் இருக்கிறது.

தொண்டி வாசகி

தம்பி, இப்படிச் சொல்லிக் கொள்கையைக் காப்பாற்றிவிட்டதாக நினைக்கிறீர்கள், அதன் பொருளை இழந்துவிட்டீர்கள். பிறர் நிழலில் நிற்பவனுக்குக் கடன் இல்லை என்று ஆகிறது. தமிழில் ‘உங்கள் நிழலில் வாழ்கிறேன்’ என்று ஒருவர் சொன்னால், இனி எப்போதும் அடைக்கமுடியாத கடனைப் பட்டிருக்கிறேன் என்பதுதான் அதன் பொருள். வெயிலில் நிற்பவன் கதிரவனுக்குக் கடன்பட்டான் என்றால், நிழலில் ஒதுங்கியவன் நிழல் தந்தவனுக்குக் கடன்பட்டான். அந்த இரண்டாவது கடன் உங்கள் கணக்குப் புத்தகத்தில் எந்தப் பக்கத்தில் இருக்கிறது?

கானல்நாட்டான்

எந்தப் பக்கத்திலும் இல்லை. மூன்றாம் அத்தியாயத்தில் ஒரு பண்ணையாள் வருகிறான். ஆண்டை எங்கே போனாலும் அவருக்குப் பின்னால் ஓலைக்குடையின் நிழலுக்குள்ளேயே நடப்பவன். அவனைக் கடனற்றவன் என்று பெருமையாக எழுதிவைத்திருக்கிறேன்.

மண்டபம் வாத்தியார்

அவனைக் குதிக்கச் சொன்னால் என்ன ஆகும் என்று எண்ணிப் பார்த்தீர்களா? நிழலுக்குள் நின்று குதிப்பவனுக்குக் கீழே நிழல் விழாது. உங்கள் நடுவர் அவனை விடுதலை செய்துவிடுவார்.

கானல்நாட்டான்

அப்படியானால் வழக்கைக் குடையும் மரமும் இல்லாத இடத்தில் நடத்தவேண்டும். அரிச்சல்முனையைப் போல இருபுறமும் கடல் மட்டும் உள்ள ஒரு மணல்முனையில், குடையை மடக்கச் சொல்லி, ஆண்டையையும் பண்ணையாளையும் பக்கத்துப் பக்கத்தில் நிறுத்திக் குதிக்கச் சொல்லப்போகிறேன். இருவரின் நிழலையும் எப்படி அளப்பது என்று எழுதிப் பார்த்துவிட்டு வருகிறேன்; அதுவரை திரியைப் பூட்டவேண்டாம்.