ஷேக்ஸ்பியர் நாடகத்துல வர்ற சாப்பாட்டைப் பத்திப் படிக்க எங்கே ஆரம்பிக்கலாம்?

சயான்_செல்வி:
வணக்கம். மும்பை சயான்ல இருக்கேன். பகல்ல ஆபீஸ், ராத்திரி கரஸ்ல எம்.ஏ. ஆங்கிலம்.

'டேமிங் ஆஃப் தி ஷ்ரூ' படிக்கும்போது ஒரு இடத்தைத் தாண்டவே முடியலை. கல்யாணம் முடிஞ்சு கொலைப்பசியோட வந்த கேத்தரினாவை அவ புருஷன் பெட்ரூக்கியோ சாப்பிட விடாம ஆட்டுக்கறியைத் தூக்கி எறியுறான். கறி கருகிப்போச்சாம், கருகினதைத் தின்னா கோபம் வளருமாம், நாம ரெண்டு பேரும் ஏற்கெனவே கோபக்காரங்களாம். அப்புறம் வேலைக்காரன் க்ரூமியோ வந்து, மாட்டுக்கறியும் கடுகும் தரட்டுமான்னு ஆசை காட்டிட்டு, கடுகு சூடாச்சேன்னு இழுக்கிறான். கடைசியில கறி இல்லாம வெறும் கடுகு தர்றேங்கிறான்! அவளைப் பட்டினி போட்டு அடக்குறதுதான் திட்டம். ஆனா அதுக்கு எடுக்கிற சாக்கு வைத்தியம்.

அம்மாகிட்ட சொன்னேன். திருநெல்வேலிக்காரங்க, படிப்பு அஞ்சாவதோட சரி. அடுப்புல ஈரல் வதங்கிட்டு இருந்துச்சு. திரும்பிக்கூடப் பார்க்காம, "கருகுனதத் தின்னா பித்தம் ஏறத்தானடி செய்யும்"னு சொல்லிட்டு, அடிப்பிடிச்சதைக் கரண்டியால சுரண்டி ஓரமா ஒதுக்கினாங்க. நானூறு வருஷத்துக்கு முந்தி லண்டன்ல அந்த நாடகத்தைப் பார்த்தவங்களுக்கும் இப்படித்தான் சட்டுனு புரிஞ்சிருக்கும்னு தோணுச்சு.

அதையே கட்டுரையா எழுதி அனுப்பினேன். திருத்தினவர் "இது சமையல் குறிப்பு, இலக்கியம் இல்லை"ன்னு சிவப்பு மையில எழுதிட்டார். ரெண்டு நாள் தூக்கமில்லை. இதைப் பத்தி யாராவது ஒழுங்கா ஆராய்ச்சி பண்ணியிருக்காங்களா?

செம்பூர்_வாத்தியார்:
அம்மா, அந்தக் கட்டுரையைக் கிழிச்சிடாதீங்க. நீங்க பிடிச்ச வழியிலதான் ஜோன் ஃபிட்ஸ்பேட்ரிக்னு ஒரு ஆய்வாளர் பல வருஷமா போயிட்டு இருக்காங்க. 2007ல வந்த அவங்களோட 'ஃபுட் இன் ஷேக்ஸ்பியர்', நாடகங்களையும் அந்தக் காலத்துப் பத்திய நூல்களையும் பக்கத்துல பக்கத்துல வெச்சுப் படிக்குது. எந்தக் கறி எந்த உடம்புக்கு ஆகும், எது ஆகாதுன்னு சொல்ற நூல்கள் அவை. ஆண்ட்ரூ போர்டு 1542ல போட்டது அதுல ஒண்ணு. எலியட், போர்டு, புல்லெய்ன் மூணு பேரோட பத்திய நூல்களையும் 2017ல அவங்களே பதிப்பிச்சாங்க. பிரெஞ்சு எழுத்தாளர் ரபலே முதல் ஷேக்ஸ்பியர் வரைக்கும் சாப்பாட்டைப் பத்தி அவங்க தொகுத்த ஒரு கட்டுரைத் தொகுப்பும் 2010ல வந்தது.

ஆனா முதல்ல கென் அல்பாலா படிங்க, 'ஈட்டிங் ரைட் இன் தி ரெனைசான்ஸ்', 2002. அவர் வரலாற்றுக்காரர். அடித்தளம் அங்கேதான் கிடைக்கும்.

ஒண்ணு மட்டும் கவனிங்க. கோபத்தை வளர்க்கிறதா அந்தக் காலத்து ஆங்கிலேயர்கள் நம்பின 'காலர்' (choler) இருக்கே, அதைப் பித்தம்னு எழுதலாம், தப்பில்லை. ஆனா நமக்கு வாதம், பித்தம், கபம்னு மூணு. பழைய கிரேக்க வைத்தியர் கேலன் வழியில வந்த அவங்களுக்கு ரத்தம், சளி, மஞ்சள் பித்தம், கரும்பித்தம்னு நாலு. ரெண்டையும் அப்படியே ஒட்டவெச்சீங்கன்னா, திருத்துறவர் அந்த இடத்துலதான் பிடிப்பார். அப்ப அவர் பிடிக்கிறதுல நியாயமும் இருக்கும்.

தாராவி_தம்பி:
அக்கா, 'வின்டர்ஸ் டேல்' பாருங்க. ஆட்டு ரோமம் வெட்டுற விருந்துக்கு ஒரு பையன் மளிகை லிஸ்ட் வாசிப்பான்: சர்க்கரை மூணு பவுண்டு, அரிசி, குங்குமப்பூ, ஜாதிபத்திரி, ஜாதிக்காய் ஏழு, இஞ்சி. நடுவுல நின்னு, தங்கச்சி அரிசியை வெச்சு என்ன பண்ணப்போறாளோன்னு யோசிப்பான். ஜாதிக்காயை எண்ணி வாங்குறாங்க, அதைக் கவனிங்க.

'கிங் லியர்'ல கெண்ட்னு ஒரு பிரபு, நான் மீன் தின்னாதவன்னு சொல்லிக்கிறதும் சும்மா இல்லை. 1563ல இங்கிலாந்துல புதன்கிழமையையும் மீன் நாளாக்கி, அதாவது கறிக்குப் பதிலா மீன் தின்னணும்னு, சட்டமே போட்டாங்க. மீன்பிடித் தொழில் நிலைச்சு இருந்தாத்தான் கடற்படைக்கு ஆள் கிடைக்கும்னு கணக்கு.

சயான்_செல்வி:
வாத்தியார் சார், நாலு, மூணு விஷயம் எனக்கு உறைக்கவே இல்லை. அந்தப் பத்தியை இன்னிக்கு ராத்திரியே மாத்துறேன். அல்பாலா பழசா கிடைக்குமான்னு ஞாயித்துக்கிழமை கிங்ஸ் சர்க்கிள் நடைபாதைக் கடையில தேடணும்.

தம்பி, அந்த அரிசி வரியை அம்மாவுக்குத் தமிழ்ல சொன்னேன். "அப்ப அவங்க ஊர்ல அரிசி விசேஷத்துக்கு மட்டுந்தானா? தினம் என்னத்தத் தின்னாங்க?"ன்னு கேட்டாங்க. பதில் தெரிஞ்சவங்க சொல்லுங்க, அடுத்த கட்டுரை அதுதான்.