அம்மாவின் வீணையைச் சரி செய்யலாமா?

காவேரிக்கரை கேட்டது:
அம்மா வாசித்த தஞ்சாவூர் வீணை. அவர் காலமான பிறகு பாகப்பிரிவினைப் பேச்சில் வாக்குவாதம் முற்றி, அண்ணன் ஆத்திரத்தில் அதைத் தள்ளிவிட்டார். அதன் உருண்டையான குடப்பகுதியில் நீளமாக விரிசல். தந்தியை அழுத்தி வாசிக்கும் மெட்டுக் கம்பிகள் சில மெழுகோடு பெயர்ந்துவிட்டன. அப்புறம் பேச்சுவார்த்தையே இல்லை. போன வாரம் அவரே போன் செய்து அழுதார். "செலவு என்னுது, சரி பண்ணிடலாம்மா" என்கிறார். சரி செய்தால், எல்லாம் தீர்ந்தது என்று சொந்தக்காரர்கள் முடித்துவிடுவார்கள். எனக்குத் தீரவில்லையே.

பலாமரம்:
வீணைப் பட்டறையில் வேலை செய்கிறேன். முதலில் தந்திகள் ஏழையும் தளர்த்துங்கள், இழுவிசையில் விரிசல் இன்னும் ஓடும். பசை வைத்து இறுக்கிக் காயவிட்டு, உள்ளே மரத்துண்டு கொடுத்து ஒட்டிவிடலாம். மெட்டு 24க்கும் புது மெழுகு போட்டு மேளம் கட்ட வேண்டும், அதாவது ஒவ்வொரு மெட்டையும் சுருதி பார்த்து அதனதன் இடத்தில் பதிக்க வேண்டும். அது நல்ல வீணைக்கும் அவ்வப்போது செய்வதுதான். நாதம் பழையபடி வரும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். கொஞ்சம் மாறும். பாலிஷ் போட்டாலும், கை வைத்துத் தடவினால் ஒட்டு தெரியும். ஆனால் வாசிக்கலாம். உங்களுடையது ஒரே மரத்தில் குடைந்த ஏகாண்ட வீணையா, பாகங்களைச் சேர்த்து ஒட்டிய ஒட்டு வீணையா?

மதுரைக்காரி:
வீணை வேறு, அண்ணன் வேறு. வீணையைச் சரி செய்ய ஒத்துக்கொள்ளுங்கள், "மனசு ஆறலை அண்ணா" என்பதையும் நேரிலேயே சொல்லிவிடுங்கள். எனக்கும் தங்கைக்கும் நிலத்தகராறு. இப்போது பண்டிகைக்குப் போய்வருகிறோம், அவள் பிள்ளைகள் என் மடியில்தான் தூங்கும். நிலம் என்று யாராவது ஆரம்பித்தால் மட்டும் இருவரும் அடுப்படிக்கு எழுந்துபோய்விடுவோம். பழைய மாதிரி இல்லை. அதற்காக அவளை விட்டுவிட முடியுமா?

காவேரிக்கரை:
அண்ணனிடம் அப்படியே சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "ஆறலைன்னாலும் நான் வரேன்" என்றார். ஞாயிறு வருகிறார். ஏகாண்டமா என்று எப்படிப் பார்ப்பது?

பலாமரம்:
திருப்பிப் போட்டு அடிப்பக்கம் பாருங்கள். குடத்திலிருந்து தண்டி, அதாவது நீளமான கழுத்துப் பகுதி வரைக்கும் மர ரேகை அறுபடாமல் ஓடினால் ஒரே பலாமரத்தில் குடைந்தது, ஏகாண்டம். காரில் கொண்டுபோனால் வெயிலில் விடாதீர்கள், மெழுகு இளகி மிச்ச மெட்டுகளும் நகர்ந்துவிடும். பெயர்ந்த மெட்டுகளைத் தூக்கிப் போடாமல் ஒரு டப்பாவில் போட்டு எடுத்து வாருங்கள். அதையே திரும்ப வைக்கலாம்.