எதிராளியைக் களைக்க வைத்த ஸ்டீவ் ஃப்ரேசர்: எங்கள் குடும்பக் குழுவில் நடந்த உரையாடல்

நான்: பெரியப்பா, கல்லூரி விளையாட்டு மலருக்கு ஒரு கட்டுரை எழுத வேண்டும். வீரராக வென்று, பிறகு பயிற்சியாளராகவும் பெயர் பெற்ற ஒருவரைப் பற்றியதாக இருக்க வேண்டும். மல்யுத்தத்தில் அப்படி யாரைச் சொல்வீர்கள்?

பெரியப்பா: ஸ்டீவ் ஃப்ரேசரைப் பற்றி எழுது அம்மா. ஒலிம்பிக்கில் கிரெக்கோ-ரோமன் என்ற மல்யுத்த வகையில் அமெரிக்காவுக்கு முதன்முதலாகத் தங்கம் வாங்கித் தந்தவர் அவர்தான். 1984ஆம் ஆண்டு லாஸ் ஏஞ்சலஸ் ஒலிம்பிக்கில் 90 கிலோ பிரிவில் வென்றார். மிச்சிகன் பல்கலைக்கழகத்தின் மாணவர். ஒலிம்பிக்குக்குத் தயாராகிக்கொண்டிருந்த காலத்தில் அதே மாநிலத்தில் ஷெரீஃப் அலுவலகத்தில் காவல் பணியிலும் இருந்தார்.

அத்தை: அண்ணா, அந்த ஒலிம்பிக்கைச் சோவியத் ஒன்றியமும் அதன் நட்பு நாடுகளும் புறக்கணித்தன அல்லவா? வலுவானவர்கள் வராத களத்தில் கிடைத்த தங்கத்தை எந்த அளவுக்குப் பெரிதாகச் சொல்ல முடியும்?

பெரியப்பா: நீ கேட்பது நியாயமான கேள்விதான். சோவியத் வீரர்கள் வந்திருந்தால் பல பிரிவுகளில் முடிவு மாறியிருக்கும் என்பதை நான் மறுக்க மாட்டேன். ஆனால் ஃப்ரேசர் யாரை வென்றார் என்பதையும் பார்க்க வேண்டும். அவருடைய பிரிவில் ஸ்வீடனின் ஃபிராங்க் ஆண்டர்சன் இருந்தார். அவர் 1977, 1979, 1982 ஆகிய மூன்று ஆண்டுகளில் உலக வாகை சூடியவர். எதிராளியை இடுப்போடு தூக்கித் தலைக்கு மேலாக எறிவதில் பேர்போனவர். அவரை ஃப்ரேசர் தோற்கடித்தார். இறுதிப் போட்டியில் ருமேனியாவின் இலியே மாத்தெய்யுடன் புள்ளிகள் 1-1 என்று சமமாக நிற்க, விதிகளின்படி வெற்றி ஃப்ரேசருக்குப் போனது. ருமேனியா அந்தப் புறக்கணிப்பில் சேராத நாடு.

அண்ணன்: பெரியப்பா, அமெரிக்கர்கள் மல்யுத்தத்தில் பெயர் பெற்றவர்கள்தானே? பிறகு ஏன் 1984 வரை இந்த வகையில் அவர்களுக்குத் தங்கம் கிடைக்கவில்லை?

பெரியப்பா: அவர்களுடைய பள்ளிகளிலும் கல்லூரிகளிலும் விளையாடப்படுவது வேறு வகை மல்யுத்தம். அங்கே காலைப் பிடித்து வீழ்த்துவதுதான் உயிர்நாடி. கிரெக்கோ-ரோமனில் இடுப்புக்குக் கீழே பிடிக்கவே கூடாது, காலால் இடறவும் கூடாது. மார்போடு மார்பு மோதி, கைகளாலும் முதுகாலும் மட்டுமே வெல்ல வேண்டும். ஐரோப்பியச் சிறுவர்கள் இளவயதிலேயே கற்கும் அந்தத் தூக்கி எறியும் கலையை, அமெரிக்க இளைஞர்கள் பெரும்பாலும் இருபது வயதை ஒட்டித்தான் முழுமூச்சாகப் பழகத் தொடங்குகிறார்கள். நுட்பத்தில் அவர்களை எட்டிப் பிடிப்பது கடினம் என்பதால், ஃப்ரேசர் வேறு வழி கண்டார். ஆட்டம் தொடங்கிய நொடியிலிருந்து முன்னால் தள்ளிக்கொண்டே இருப்பது, கழுத்தை அழுத்துவது, கைகளை இழுப்பது, எதிராளிக்கு மூச்சு வாங்க இடமே கொடுக்காமல் அவனைக் களைக்க வைப்பது என்பதே அந்த வழி. களைத்தவனால் யாரையும் தூக்கி எறிய முடியாது.

நான்: பயிற்சியாளரான பிறகும் இதையே கற்றுக்கொடுத்தாரா?

பெரியப்பா: இதையேதான், இன்னும் கடுமையாகக் கற்றுக்கொடுத்தார். 1995ஆம் ஆண்டு அமெரிக்காவின் தேசிய கிரெக்கோ-ரோமன் பயிற்சியாளரானார். வழக்கமான ஆட்ட நேரத்தைப் பல மடங்கு தாண்டி, இடைவெளி இல்லாமல் இருவரை மோதவிடும் பயிற்சி ஆட்டங்கள் அவருடைய முத்திரை. உடல் களைத்த பிறகும் மனம் விட்டுக்கொடுக்காத நிலையைப் பழக்கித்தான் உண்டாக்க முடியும் என்பது அவர் நம்பிக்கை. 1996 அட்லாண்டா ஒலிம்பிக்கில் அமெரிக்க அணி கிரெக்கோ-ரோமனில் 3 வெள்ளிப் பதக்கங்களை வென்றது, தங்கம் கிடைக்கவில்லை. அவற்றில் ஒன்று 130 கிலோ பிரிவில் மேட் கஃபாரிக்குக் கிடைத்தது. ரஷ்யாவின் அலெக்சாண்டர் கரேலினிடம் அவர் 1-0 என்ற ஒரே புள்ளியில் தோற்றார்.

அம்மா: கரேலின் என்ற பெயரை நானும் கேள்விப்பட்டிருக்கிறேன். அவரை யாராலும் வெல்லவே முடியவில்லை என்பார்களே?

பெரியப்பா: ஆமாம் அம்மா. 1988, 1992, 1996 என மூன்று ஒலிம்பிக் தங்கங்கள், 9 உலக வாகைகள், சர்வதேசக் களத்தில் 13 ஆண்டுகள் தோல்வியே இல்லை. தரையில் குப்புறக் கிடக்கும் 130 கிலோ மனிதரை இடுப்பில் பிடித்துத் தூக்கிப் பின்புறமாக எறிவார். 1997இல் ஃப்ரேசரின் அணியைச் சேர்ந்த ரூலன் கார்ட்னரையும் அப்படி மூன்று முறை எறிந்து 5-0 என்று வென்றிருந்தார். வயோமிங் மாநிலத்தில் ஒரு பால் பண்ணைக் குடும்பத்தில் பிறந்த அந்தக் கார்ட்னர்தான் 2000ஆம் ஆண்டு சிட்னி இறுதிப் போட்டியில் கரேலினை மறுபடியும் எதிர்கொண்டார்.

அண்ணன்: அந்த ஆட்டத்தின் காணொளியை நான் பார்த்திருக்கிறேன். முதல் மூன்று நிமிடங்களில் யாருக்கும் புள்ளி இல்லை. அப்படியானால் இரண்டாம் சுற்றின் தொடக்கத்தில் இருவரும் மார்போடு மார்பு ஒட்டி நின்று, ஒருவரை ஒருவர் சுற்றிக் கைகளைக் கோத்துக்கொள்ள வேண்டும். ஒருவர் பிடியை முதலில் விட்டால் மற்றவருக்கு ஒரு புள்ளி என்பது அன்றைய விதி. இருவரும் சுற்றிச் சுற்றி நகர்ந்தபோது கரேலினின் விரல்கள் ஒரு கணம் பிரிந்தன. காணொளியை மறுபடி பார்த்த பிறகே அந்தப் புள்ளி கார்ட்னருக்கு வழங்கப்பட்டது. அதன் பிறகு கூடுதல் நேரம் உட்பட, கரேலினால் அவரை அசைக்கவே முடியவில்லை. கடைசி நொடிகளில் கரேலின் தாமாகவே கைகளைத் தளர்த்திவிட்டார். முடிவு 1-0.

அத்தை: அப்படியென்றால் அதிர்ஷ்டமும் உதவியது என்றுதானே சொல்ல வேண்டும்? ஒரு கணம் விரல் நழுவியதற்குப் பயிற்சியாளரை எப்படிப் பாராட்டுவது?

பெரியப்பா: புள்ளி ஒரு கணத்தில் கிடைத்தது என்பது உண்மை. ஆனால் அதற்குப் பிறகான நிமிடங்களில் அந்த மாமனிதரின் தூக்குக்கு இடம் கொடுக்காமல் தாக்குப்பிடித்ததை அதிர்ஷ்டம் என்று சொல்ல என் மனம் ஒப்பவில்லை. அந்தத் தாக்குப்பிடிக்கும் திறன் பயிற்சியில் வந்தது. வெற்றி கார்ட்னருடையதுதான், அதில் ஐயமில்லை. ஆயினும் ஆண்டர்சனை ஃப்ரேசர் எப்படி வென்றாரோ, அந்த வழி அதில் தெளிவாகத் தெரிகிறது. அதே சிட்னியில் மேட் லிண்ட்லாண்டுக்கு வெள்ளியும் காரெட் லௌனிக்கு வெண்கலமும் கிடைத்தன. 2007இல் அஜர்பைஜானின் பாக்கு நகரில் நடந்த உலகப் போட்டியில், தனிநபர் தங்கம் ஒன்றுகூட இல்லாமலே அமெரிக்கா கிரெக்கோ-ரோமனில் முதன்முறையாக அணி வாகையை வென்றது. என்னைக் கேட்டால், ஒரு பயிற்சியாளரின் உழைப்பு அதில்தான் அதிகம் தெரிகிறது.

அண்ணன்: ஆனால் இந்த வகையில் 2008 பெய்ஜிங்கில் ஒரே ஒரு வெண்கலம், 2012 லண்டனில் பதக்கமே இல்லை. கட்டுரையில் இதையும் மறைக்காமல் எழுத வேண்டும் அல்லவா?

பெரியப்பா: கட்டாயம் எழுத வேண்டும். காரணத்தைத் தேடினால் விதி மாற்றத்தையும் பார்க்க வேண்டும் என்பது என் கருத்து. 2005 முதல் ஆட்டத்தை இரண்டிரண்டு நிமிடங்கள் கொண்ட மூன்று தனிச் சுற்றுகளாக வெட்டிவிட்டார்கள். ஒவ்வொரு சுற்றிலும் ஒரு பகுதியைத் தரைநிலையில், அதாவது ஒருவர் தரையில் குனிந்திருக்க மற்றவர் மேலிருந்து பிடிக்கும் நிலையில், தொடங்க வைத்தார்கள். எதிராளியைக் களைக்க வைக்க நேரம் வேண்டும். அந்த நேரமே துண்டு துண்டாகிவிட்டது. 2013இல்தான் மூன்று நிமிடச் சுற்றுகள் இரண்டும், மொத்தப் புள்ளிக் கணக்கும் திரும்பி வந்தன. மறு ஆண்டே ஃப்ரேசர் பொறுப்பிலிருந்து விலகினார். அவருடைய இடத்துக்கு வந்தவர், சிட்னியில் வெள்ளி வென்ற அதே லிண்ட்லாண்ட்.

நான்: அப்படியென்றால் விதி மாற்றத்துக்குத் தனியாக ஒரு பத்தி ஒதுக்குகிறேன் பெரியப்பா. ஆண்டர்சனுடனான ஆட்டத்தையும் கார்ட்னரின் ஆட்டத்தையும் அடுத்தடுத்து வைத்து எழுதிவிட்டு, இரவுக்குள் குழுவில் அனுப்புகிறேன்.